தெரியாது என்பதற்கு ஒரு சொல்

உக்கடம் பெரிய குளத்தின் கரையில் நின்றுகொண்டுதான் அந்தச் சொல்லை நான் ஒவ்வொரு வருடமும் சொல்லிக் கொடுப்பேன். ஒரு பெண்கள் கல்லூரியில் விலங்கியல் ஆசிரியையாக இருந்தேன். மாணவிகளைக் கல்லூரி பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போய்க் கரையில் இறக்கிவிட்டால் முதலில் எல்லோரும் மூக்கைப் பொத்துவார்கள், அப்புறம் செல்ஃபி எடுப்பார்கள், அதற்கும் அப்புறம்தான் குளத்தைப் பார்ப்பார்கள். காகிதத்தில் மூன்று கட்டம் போடச் சொல்வேன். முதல் கட்டத்தில் இந்த மண்ணுக்கே உரிய உயிர்கள். இரண்டாவதில் வெளியிலிருந்து வந்து ஒட்டிக்கொண்டவை. ஆகாயத்தாமரை இரண்டாவது கட்டம், ஜிலேபிக் கெண்டை இரண்டாவது கட்டம். அதில் யாருக்கும் சந்தேகம் வராது. மூன்றாவது கட்டம் எதற்கு மேடம் என்று யாராவது ஒருத்தி கேட்பாள். அதற்காகவே காத்திருந்ததைப் போல, தண்ணீருக்குள் கிடக்கும் ஒரு கல்லைப் புரட்டி, அதன் அடியில் பாசி மாதிரி படர்ந்திருக்கும் ஒரு சிறு பிராணிக் கூட்டத்தைக் காட்டுவேன்.

"இது இங்கேயே இருந்ததுங்களா, வந்து சேர்ந்ததுங்களா?"

"தெரியாது."

"உங்களுக்குத் தெரியாதுங்களா, யாருக்குமே தெரியாதுங்களா?"

யாருக்குமே தெரியாது என்பேன். அப்படிப்பட்ட உயிருக்குத்தான் கிரிப்டோஜெனிக் என்று பெயர்.

அதிகம் புழங்காத சொல். கிரேக்கத்திலிருந்து வந்தது: மறைந்திருப்பது, பிறப்பது என்ற இரண்டையும் சேர்த்துத் தைத்தது. கடல் உயிர்களை ஆராய்கிறவர்கள்தான் அதிகம் பயன்படுத்துவார்கள். துறைமுகச் சுவரில் ஒட்டியிருக்கும் ஒரு கடற்பஞ்சு அந்தக் கடலில் பிறந்ததா, எந்தக் காலத்திலோ ஒரு கப்பலின் வயிற்றில் ஒட்டிக்கொண்டு வந்ததா என்று சொல்ல முடியாது. கப்பல்கள் ஓட ஆரம்பித்த பிறகுதான் நாம் பட்டியல் போடவே ஆரம்பித்தோம். மருத்துவர்களும் இதே சொல்லை வைத்திருக்கிறார்கள். பக்கவாதம், வலிப்பு, இருமல், ஈரல் கெட்டுப்போவது என்று எதிலும், எல்லாச் சோதனையும் செய்து முடித்த பிறகும் காரணம் பிடிபடாவிட்டால், இந்தச் சொல்லை முன்னால் போட்டுக்கொள்வார்கள்.

அந்தச் சொல்லில் எனக்குப் பிடித்தது அதன் நேர்மை. காரணம் இல்லை என்று அது சொல்லவில்லை. காரணம் எங்கோ இருக்கிறது, என் கண்ணுக்குத்தான் இன்னும் படவில்லை என்கிறது. அவ்வளவு படித்தவர்கள் அவ்வளவு பணிவாக இருப்பது அபூர்வம். மூன்றாவது கட்டத்தைக் காலியாக விட்டுவிட்டு, எல்லாவற்றையும் முதல் இரண்டு கட்டத்துக்குள் திணித்துக் கொண்டுவரும் மாணவிகளுக்கு நான் இரக்கமே காட்டியதில்லை. தெரியாததைத் தெரிந்த மாதிரி எழுதினால் பூஜ்யம். கல்லூரியில் எனக்கு வைத்திருந்த பட்டப்பெயர்களில் ஒன்றுகூட நல்லதில்லை.

வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு அந்தச் சொல்லோடு எனக்கு வேலை இருக்காது என்று நினைத்தேன். அது துடியலூரில் இருக்கும் எங்கள் வீட்டுக்கே வந்து சேர்ந்தது.

என் கணவர் ஒரு பம்ப்செட் கம்பெனியில் சூப்பர்வைசராக இருந்தவர். ஒரு நாள் காலையில் இட்லி சாப்பிட்டுக் கை கழுவப் போனவர் வாஷ்பேசினில் ரத்தமாக வாந்தி எடுத்தார். ஆஸ்பத்திரியில் குழாய் விட்டுப் பார்த்து, உணவுக்குழாயில் புடைத்திருந்த ரத்தக் குழாய்களுக்குக் கட்டுப் போட்டு, ஸ்கேன் எடுத்து, ஈரல் சுருங்கிப்போயிருக்கிறது என்றார்கள். சிரோசிஸ். இளம் டாக்டர் ஒருவர் கட்டிலருகே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். குடிப்பீர்களா என்று அவர் கேட்கவில்லை.

"எத்தனை வருசமாக் குடிக்கறீங்க?"

"குடிக்கறதில்லீங்க."

"சரிங்க, விட்டு எத்தனை வருசம்?"

"தொட்டதே இல்லீங்க, டாக்டர்."

டாக்டர் என் பக்கம் திரும்பினார். புருஷன் சொல்கிற பொய்யைப் பெண்டாட்டி கண்ணால் திருத்துவாள் என்று அவருக்கு யாரோ சொல்லிக் கொடுத்திருக்க வேண்டும். "அவர் சொல்றது நெசந்தானுங்க" என்றேன். "எப்பவாவது பார்ட்டியில, ஃபிரெண்ட்ஸோட?" என்றார். படுத்திருந்த இவர், அந்த நிலையிலும், "பார்ட்டிக்குப் போவேனுங்க. குடிச்சவங்களை ஊட்டுல கொண்டுபோய் விடறதுக்கு" என்றார்.

அது உண்மை. கம்பெனியில் எந்த விருந்து நடந்தாலும் காரோட்ட இவர்தான். ஆண்கள் நாலைந்து பேர் பின்னால் சரிந்து கிடப்பார்கள். இவர் ஒவ்வொருவரையாக வீட்டு வாசலில் இறக்கி, அந்த வீட்டுப் பெண்களிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டு வருவார். குடித்தவன் சும்மா இருப்பான், ஓட்டி வந்தவர் தலைகுனிந்து நிற்பார். நல்லது செய்கிறேன் என்று நினைத்துக்கொண்டு இப்படி அடுத்தவர் பாரத்தைத் தோளில் போட்டுக்கொள்வது இவருடைய பழக்கம். எனக்கு அது பிடித்ததே இல்லை.

அதன் பிறகு சோதனைகள். மஞ்சள் காமாலைக் கிருமிகள் இல்லை. சர்க்கரை இல்லை. உடம்பு பருமனும் இல்லை. இரும்பு, செம்பு தேங்கவில்லை. நாட்டு மருந்து, லேகியம் சாப்பிட்டதில்லை. ஊசி போட்டு ஈரலிலிருந்து நூல் அளவு சதையும் எடுத்துப் பார்த்தார்கள். கடைசியில் பெரிய டாக்டர் எங்களைக் கூப்பிட்டு உட்கார வைத்தார்.

"எல்லாமே பார்த்துட்டோமுங்க. இதை நாங்க கிரிப்டோஜெனிக்குன்னு சொல்லுவோம். அதாவது..."

"தெரியும்" என்றேன்.

சந்தைக்கடைக் கூட்டத்தில் பழைய மாணவி ஒருத்தியைப் பார்த்துவிட்ட மாதிரி ஒரு நொடி சந்தோஷம் வந்ததை இப்போது நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது. அது ஒரு நொடிதான். குளத்துக் கல்லின் அடியில் இருந்தபோது அந்தச் சொல் யாரையும் தொந்தரவு செய்யவில்லை. இப்போது அது என் கணவருக்குள் இருந்தது. இப்போதைக்கு மருந்து கொடுப்போம், உப்பைக் குறையுங்கள், பின்னால் ஈரல் மாற்றுவதைப் பற்றி யோசிப்போம் என்றார் டாக்டர்.

வீட்டுக்கு வந்ததும் எங்கள் சபையின் பெண்கள் ஜெபக்குழு வந்தது. ஆயரம்மா, அதாவது எங்கள் ஆயரின் மனைவி, முன்னால் வந்தார். ஆப்பிள், ஆரஞ்சு, ஹார்லிக்ஸ். ஒரு பாட்டுப் பாடினார்கள். பிறகு ஆயரம்மா இவர் தலையில் கை வைத்து, கண்ணை மூடி, மனமுருகி ஜெபித்தார்.

"ஆண்டவரே, இந்தச் சகோதரனை இத்தனை காலம் பிடிச்சு வெச்சிருந்த மதுபானத்தின் கட்டுகளை இந்த நேரமே அறுத்துப் போடும். ரகசியத்துல செஞ்சதை மன்னியும்."

நான் கண்ணைத் திறந்துவிட்டேன். சுற்றிலும் எல்லோரும் கண்ணை மூடித் தலையாட்டிக்கொண்டிருந்தார்கள். இவர் என்ன செய்வார் என்று பார்த்தேன். ஜெபம் முடிந்ததும், விருந்தாளி மனம் கோணக் கூடாது என்பதற்காக, இவரும் சேர்ந்து "ஆமென்" என்றார்.

அவர்கள் செருப்பு மாட்டும்போது நான் வாசலில் நின்று விளக்கினேன். குடி இல்லை, காரணம் தெரியவில்லை, டாக்டர்களே அப்படித்தான் சொல்லியிருக்கிறார்கள், அதற்கு ஒரு பெயர்கூட இருக்கிறது என்றேன். ஆயரம்மா என் கையைப் பிடித்துக்கொண்டார். "நீங்க எதுவுமே சொல்ல வேண்டாமுங்க. எங்களுக்குப் புரியுதுங்க" என்றார். எங்கள் பக்கத்து மரியாதை இருக்கிறதே, அதில் ஒரு சௌகரியம் உண்டு: சண்டை போடுவதற்கு இடமே கொடுக்க மாட்டார்கள்.

பனைமரத்தடியில் பால் குடித்தாலும் கள் என்பார்கள். இவர் பனைமரத்தடிக்கே போகாதவர். ஆனாலும் மார்க்கெட்டில், பேக்கரியில், பக்கத்து வீட்டு மதிலுக்கு அந்தப் பக்கம், எல்லோருக்கும் விஷயம் தெரிந்திருந்தது. "நெருப்பில்லாமப் பொகையுமுங்களா?" என்று என்னிடமே கேட்டார்கள். ஒவ்வொருவரிடமும் அந்தச் சொல்லை எடுத்துச் சொன்னேன். வகுப்பெடுக்கிற குரல் எனக்கு. கேட்டுக்கொள்வார்கள். "அப்படீங்களா" என்பார்கள். பிறகு தாழ்ந்த குரலில், "எங்க பெரியப்பாவும் இப்படித்தான் கடைசி வரைக்கும் ஒத்துக்கவே இல்லீங்க" என்பார்கள். கோபத்தில் இரண்டு முறை ரேஷன் கடையிலிருந்து பொருள் வாங்காமலே திரும்பியிருக்கிறேன்.

இவர் கோபப்படவில்லை. "சொல்றவங்க சொல்லிப்போட்டுப் போறாங்க, உடு அம்மணி" என்பார். கால் வீங்கி, வயிற்றில் நீர் கோத்து, உப்பில்லாத ரசத்தைக் குடித்துக்கொண்டு அதைச் சொல்வார். ஊர் பேசுவது எங்கள் இரண்டு பேரோடு நின்றிருந்தால் நானும் விட்டிருப்பேன். அது பாப்பாவின் கல்யாணத்தில் போய்த் தொட்டது.

பாப்பா என்று நாங்கள் கூப்பிடுவது இவருடைய தங்கை மகளை. ஆர்.எஸ்.புரத்தில் அவர்கள் வீடு. எங்களுக்குப் பிள்ளை இல்லை. இன்ஜினியரிங் படித்த வருடங்கள் முழுக்க, கல்லூரி பக்கம் என்று எங்களோடுதான் இருந்தாள். தலைவாரிவிட்டதிலிருந்து அரியர் பேப்பருக்கு அழுததைத் தேற்றியது வரை நாங்கள்தான். இப்போது ஐடி கம்பெனியில் வேலை. பொள்ளாச்சியில் ஒரு நல்ல குடும்பத்தில் மாப்பிள்ளை அமைந்திருந்தது. அவர்களும் எங்கள் சபைப் பிரிவுதான், ஆனால் பொள்ளாச்சி ஆலயம். பிள்ளைகள் இருவருக்கும் பிடித்துவிட்டது. பேசி முடித்து, நிச்சயதார்த்தத்துக்கு நாள் பார்த்துக்கொண்டிருந்த நேரம்.

தாய்மாமன் படுத்திருக்கிறார் என்றால் சம்பந்தி வீட்டார் பார்க்க வர வேண்டும், அது முறை. மாப்பிள்ளையின் அம்மா வந்தார். பள்ளிக்கூடம் நடத்துகிற குடும்பம், தெளிவாகப் பேசுகிறவர். இவரிடம் நலம் விசாரித்துவிட்டு, நான் காபி போடும்போது சமையலறைக்குள்ளேயே வந்துவிட்டார்.

"ஏனுங்க, ஊர்ல என்னென்னமோ பேசறாங்க. நீங்க சயின்ஸ் படிச்சவங்க. உங்ககிட்டயே கேட்டுடலாம்னு வந்தனுங்க. அவருக்கு எதனால இப்படி ஆச்சுங்க?"

எனக்கு அவரைப் பிடித்துப்போயிற்று. முதுகுக்குப் பின்னால் பேசாமல் முகத்துக்கு நேராகக் கேட்ட முதல் ஆள். குடியில்லை என்றேன், சோதனைகளை ஒவ்வொன்றாகச் சொன்னேன், கடைசியில் அந்தச் சொல்லையும் சொன்னேன். அவர் நம்பினார். முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது, முழுக்க நம்பினார். அப்புறம்தான் அடுத்த கேள்வியைக் கேட்டார்.

"காரணம் தெரியலைன்னா, ரத்தத்துல வர்றதாக்கூட இருக்கலாமில்லீங்க? தாய்மாமனுக்கு இருந்தா அம்மாவுக்கும் இருக்கும், பொண்ணுக்கும் வரும். அப்படி இல்லைன்னு சொல்ல முடியுங்களா?"

பரம்பரையாக வருவதில் தெரிந்தவற்றைச் சோதித்துவிட்டார்கள், அவை இல்லை என்றேன். "தெரியாதது?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. என் மாணவிகளில் ஒருத்திகூட இவ்வளவு சரியாகக் கேட்டதில்லை. இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம், யாருக்கும் தெரியாது என்றேன். இன்றைக்கு யார் வந்து கேட்டாலும் அதைத்தான் சொல்வேன், வேறு பதில் என்னிடம் கிடையாது.

காபியைக் குடித்தார், நன்றாக இருக்கிறது என்றார். அந்த வார இறுதியில் நாத்தனாருக்குப் போன் வந்தது. பிள்ளை வீட்டில் எல்லோரும் உட்கார்ந்து பேச வேண்டியிருக்கிறது, நிச்சயத்தைக் கொஞ்சம் தள்ளி வைத்துக்கொள்ளலாம், யோசித்துச் சொல்கிறோம் என்று. கொங்கு நாட்டில் யோசித்துச் சொல்கிறோம் என்றால் என்ன அர்த்தம் என்று எல்லோருக்கும் தெரியும்.

நாத்தனார் எங்கள் வீட்டுக்கு வந்து அழுதாள். அண்ணன் முன்னால் அழக்கூடாது என்று என்னைப் பின்பக்கம் கூட்டிப் போய் அழுதாள்.

"அண்ணி, நீங்க எதுக்கு அப்படிச் சொன்னீங்க? குடிச்சாருன்னே சொல்லியிருக்கலாமில்ல? குடிக்காத ஆம்பளை யாரு இருக்கறாங்க? அது அவரோட போயிருக்கும். இப்ப என் புள்ளை மேல வந்து ஒக்காந்துக்கிச்சு."

"உங்க அண்ணன் குடிக்கலை."

"எனக்குத் தெரியாதா அண்ணி? ஆனா அதைச் சொல்லி என்ன ஆச்சு?"

ஜன்னல் திறந்திருந்தது. உள்ளே கட்டிலில் இவர் விழித்துத்தான் இருந்தார்.

மூன்றாம் நாள் காலையில், நான் மாத்திரைகளைப் பிரித்துக் கொடுத்துக்கொண்டிருந்தபோது, "நான் ஒரு ரோசனை பண்ணியிருக்கறேன் அம்மணி" என்றார். ஞாயிற்றுக்கிழமை ஆராதனையில் சாட்சி சொல்லப் போவதாகச் சொன்னார். எங்கள் சபையில் அது வழக்கம். ஆண்டவர் தன் வாழ்க்கையில் செய்ததைப் பற்றி, விட்டுவிட்ட பாவத்தைப் பற்றி, யாராவது எழுந்து முன்னால் போய்ச் சொல்வார்கள். இவர் அதுவரை ஒரு முறைகூடப் போனதில்லை. சொல்லும்படி எதுவும் இருந்ததில்லை.

"என்ன சாட்சி?"

"குடிச்சேன்னு."

மாத்திரை அட்டையைக் கீழே வைத்துவிட்டு அவரைப் பார்த்தேன்.

"ஊரு முழுக்க நான் குடிச்சேன்னு முடிவு பண்ணியாச்சு. நாம ரெண்டு பேருதான் இல்லைங்கறோம். இல்லைங்கறதுனாலதான் காரணம் தெரியாமப் போகுது. ஆமான்னு சொல்லிப்போட்டா காரணம் கெடச்சிரும். கெடச்சிருச்சுன்னா அது என்னோட நின்னுரும், பாப்பாகிட்டப் போகாது."

"ஆண்டவர் சன்னதியில நின்னு பொய் சொல்லப் போறீங்களா?"

"நான் பாவின்னு சொல்லப் போறேன். அதுல என்ன பொய்?"

"குடிச்சேங்கறது பொய்யுங்க!"

"சத்தம் போடாத. எனக்கு மூச்சு வாங்குது" என்றார். பிறகு, "பாப்பா கல்யாணம் நான் இருக்கறப்பவே நடக்கோணும் அம்மணி" என்றார்.

ஆனாலும் பேசினேன். அன்று முழுக்கப் பேசினேன். உங்கள் பெயர் என்ன ஆவது என்றேன். இவ்வளவு காலம் ஒழுங்காக வாழ்ந்ததற்கு என்ன அர்த்தம் என்றேன். ஒரு பொய்யை நம்பி நடக்கிற கல்யாணம் எதற்கு என்றேன். அவர் நல்ல குடும்பம், நல்ல பையன், பாப்பாவுக்குப் பிடித்திருக்கிறது என்பதையே திரும்பத் திரும்பச் சொன்னார். என் தங்கைக்குத் தானாகப் புரிந்தாலும் நீ ஆமாம் என்று சொல்லக் கூடாது, வேறு யாரிடமும் மூச்சு விடக் கூடாது என்று என் கையைப் பிடித்துச் சத்தியம் வாங்கினார். எனக்கு வந்த ஆத்திரம் அவர் மேலா, பொள்ளாச்சி சம்பந்தியம்மா மேலா, ஆயரம்மா மேலா என்று எனக்கே தெரியவில்லை. ஒரு நோய்க்குக் காரணம் தெரியாமல் இருப்பதை இத்தனை பேரில் ஒருவரால்கூடப் பொறுத்துக்கொள்ள முடியவில்லையே என்று இருந்தது. மூன்றாவது கட்டத்தில் இருப்பதை இரண்டாவது கட்டத்தில் எழுத என் வீட்டிலேயே ஒருவர் கிளம்பிவிட்டார், பூஜ்யம் போட எனக்கு மனசு வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை அறிவிப்புகள் முடிந்ததும் ஆயர் சாட்சிக்கு அழைத்தார். இவர் எழுந்தார். கால் வீக்கத்தால் ஷூ நுழையவில்லை. வெள்ளைச் சட்டை, வேட்டி, ரப்பர் செருப்பு. பிரசங்க மேடையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

குடிகாரன் எப்படிப் பேசுவான் என்று இவருக்குத் தெரியாதே என்று பயந்துகொண்டிருந்தேன். எனக்குத்தான் தெரியவில்லை. ஷிப்ட் முடிந்ததும் நேராக வீட்டுக்கு வராமல் போன இடத்தைச் சொன்னார். வாசனை தெரியாமல் இருக்க ஏலக்காய் மென்றதைச் சொன்னார். காரில் தண்ணீர் பாட்டிலில் கலந்து வைத்துக்கொண்டதைச் சொன்னார். கை நடுங்குவதை மறைக்கப் பேனாவைப் பிடித்துக்கொண்டே நிற்பேன் என்றார். குவார்ட்டர் என்ற சொல்லைப் பம்ப்செட் உதிரிபாகத்தின் பெயரைச் சொல்வது மாதிரி அவ்வளவு சுத்தமாகச் சொன்னார். எல்லோரும் நம்பிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

"என் மனைவிக்கு எதுவுமே தெரியாதுங்க. அவ இன்னைக்கு வரைக்கும் நான் குடிக்கலைன்னுதான் எல்லார்த்துகிட்டயும் சொல்லிட்டிருக்கறா. அவளை மன்னிச்சுக்கோங்க."

சபை முழுவதும் என்னைத் திரும்பிப் பார்த்தது. "ஸ்தோத்திரம்" என்று யாரோ சொன்னார்கள், பிறகு பலரும் சொன்னார்கள். நான் பாட்டுப் புத்தகத்தைத் திறந்து, எந்தப் பக்கம் என்றே தெரியாமல், அதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஆராதனை முடிந்ததும் ஆண்கள் வரிசையாக வந்து இவரைக் கட்டிக்கொண்டார்கள். குடிக்காதவராக இருந்த வரைக்கும் ஒருவரும் இவரைக் கட்டிக்கொண்டதில்லை. பெயிண்டிங் கான்ட்ராக்டர் ஒருவர், உண்மையாகவே குடிக்கிறவர், இவர் கையைப் பிடித்துக்கொண்டு, "அண்ணா, உங்களாலயே முடிஞ்சுதுன்னா நானும் உட்டுப்போடறேனுங்க" என்று அழுதார். இவர் திகைத்துப்போய் என்னைப் பார்த்தார். பெண்கள் என்னைச் சூழ்ந்துகொண்டார்கள். எப்படித் தாங்கினீர்கள் என்றார்கள். வெளியில் காட்டிக்கொள்ளவே இல்லையே என்றார்கள். ஆயரம்மா என் தோளைத் தட்டினார். தன் ஜெபம் கேட்கப்பட்டதில் அவருக்குச் சந்தேகமே இல்லை.

காரில் ஏறி உட்கார்ந்ததும், "ஏலக்காயெல்லாம் உங்களுக்கு யாரு சொன்னது?" என்று கேட்டேன்.

"அப்பல்லாம் கார்ல வருவாங்களே, அவங்க பேசுனதுதான்" என்றார். கொஞ்ச தூரம் போனதும், "நல்லா இருந்துச்சா?" என்று கேட்டார். அழுகையோடு வண்டி ஓட்டுவது எனக்கு அதுவே முதல் தடவை.

எங்கள் சபையில் காலையில் சொன்னது மத்தியானச் சாப்பாட்டுக்குள் பொள்ளாச்சி போய்ச் சேரும். அத்தனை ஒறம்பரைச் சொந்தம், அத்தனை வாட்ஸப். மறுநாளே மாப்பிள்ளையின் அம்மா என்னைக் கூப்பிட்டார். "நீங்களும் ஏமாந்துதான் இருந்திருக்கறீங்க. மனசைத் தேத்திக்கோங்க" என்றார். குடி ஒரு பெரிய விஷயமா, அவர் துணிந்து ஒத்துக்கொண்டதே பெருமை, ரத்தத்தில் இருந்தால்தானே வெசனம் என்றார். நன்றி என்றேன். நேருக்கு நேர் கேட்டு, நான் சொன்னதை முழுக்க நம்பிய அந்த ஒரு ஆளையும் அன்று இழந்தேன்.

நிச்சயதார்த்தம் ஆர்.எஸ்.புரத்து வீட்டில் நடந்தது. வாசலில் ஷாமியானா, வெயில். தாய்மாமனுக்கு முன்வரிசையில் நாற்காலி போட்டிருந்தார்கள். மாப்பிள்ளையின் அப்பா இவர் அருகில் குனிந்து, "பெரிய காரியம் செஞ்சிருக்கறீங்க" என்று கைகுலுக்கினார். இவர் புது மாப்பிள்ளை போலக் கூச்சப்பட்டார். ஜெபம் முடிந்து, மோதிரம் மாற்றி, எல்லோரும் சாப்பிடப் போனார்கள். பாப்பா என்னை உள்ளறைக்குக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

இந்த நேரம் வரும் என்று எனக்குத் தெரியும். எங்கள் வீட்டில் இருந்தவள், எங்களோடு ஒரே மேஜையில் சாப்பிட்டவள். மாமா குடிக்கவில்லை, எனக்காகத்தானே இப்படிச் சொன்னார் என்று அவள் கேட்கப்போகிறாள். சத்தியத்தை மீறாமல் அவளுக்கு என்ன சொல்வது என்று ஒரு வாரமாக யோசித்து ஒரு பதிலைத் தயார் செய்து வைத்திருந்தேன். உள்ளுக்குள், அவள் கேட்க வேண்டும் என்றும் இருந்தது. அவள் ஒருத்தியாவது.

"அத்தை, எனக்கு அப்பவே தெரியுங்க."

"என்ன கண்ணு?"

"மாமாவைத்தான். சாயங்காலம் டேங்க் ரொம்பிருச்சான்னு பார்க்கறேன்னு மாடிக்குப் போவாரில்ல? எறங்கி வரும்போது ஒரு மாதிரி வாசம் வரும். நீங்க வெசனப்படுவீங்கன்னுதான் நான் சொல்லவே இல்லை."

எங்கள் மொட்டை மாடியில் தண்ணீர்த் தொட்டியும் துணி காயப்போடும் கொடியும் தவிர ஒன்றும் கிடையாது. சிறுவாணித் தண்ணீர் வருகிற நாளில் தொட்டி நிரம்பி வழியாமல் பார்த்துக்கொள்ளத்தான் போவார். பாப்பா பொய் சொல்லவில்லை. அவள் கண்ணில் பொய் இல்லை. அந்த வாசனை அவளுக்கு உண்மையாகவே ஞாபகம் இருந்தது. சொல்லவே கூசுகிறது, அந்த ஒரு கணம் நானும் அந்தப் படிக்கட்டின் கீழே நின்று, இறங்கி வருகிறவரை மோந்து பார்த்தேன்.

"எனக்கு மாமா மேல கோவமெல்லாம் இல்லீங்க அத்தை" என்றாள். என் சேலைத் தலைப்பைச் சரி செய்தாள். "கல்யாணத்தன்னைக்கு மட்டும் அவரைக் கொஞ்சம் பாத்துக்கோங்க. அவங்க ஆளுங்க முன்னால எதுவும் ஆயிரக்கூடாது."

தயார் செய்து வைத்திருந்த பதிலுக்கு வேலை வரவில்லை. "பாத்துக்கறேன் கண்ணு" என்றேன்.

வெளியே ஷாமியானாவில் நாற்காலிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். இவர் மட்டும் தன் நாற்காலியில், வீங்கிய கால்களை நீட்டிக்கொண்டு, நான் வருவதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உள்ளார என்ன, பாப்பா எதாச்சும் கேட்டாளா?"

"ஒண்ணும் கேக்கலீங்க."

"சந்தோசமா இருக்கறாளா?"

"இருக்கறா."

"அது போதும்" என்று சொல்லி, எழுந்திருக்கக் கையை நீட்டினார்.